ஹேசல்நட், ஃபில்பர்ட், நுவாசெட், ஜந்தூயா: ரெசிப்பியில் எது கொட்டை, எது வெறும் நிறம்?

மாவும்வெண்ணெயும் (கேள்வி):

எல்லோருக்கும் வணக்கம். பிரெஞ்சு, இத்தாலிய, ஜெர்மன் இனிப்பு வகைகளைத் தமிழில் எழுதித் தொகுக்கும் வேலை நடக்கிறது. ஹேசல்நட் வரும் இடத்திலெல்லாம் வண்டி நின்றுவிடுகிறது.

ஃபினான்சியே கேக் குறிப்பு ஒன்றில் "பர் நுவாசெட் 150 கிராம், நுவாசெட் பொடி 60 கிராம்" என்று இருக்கிறது. இரண்டிலும் ஹேசல்நட் உண்டா? பழைய அமெரிக்கக் குறிப்பு ஃபில்பர்ட் என்கிறது, இங்கிலாந்துக் குறிப்பு காப்நட் என்கிறது. ஜந்தூயா, பிரலினே, நூகட் மூன்றையும் அகராதி "ஹேசல்நட் விழுது" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறது. ஒன்றுக்குப் பதில் இன்னொன்றைப் போட்டால் என்ன ஆகும்? இதற்குத் தமிழில் ஒரு பெயர் உருவாக்குவது நல்லதா, ஹேசல்நட் என்றே விட்டுவிடலாமா?

கூடவே, தோலை எடுப்பது எப்படி, வீட்டு மிக்ஸியில் விழுது எந்த அளவுக்கு வரும் என்பதையும் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். படிப்பவர்கள் சென்னை, கோவைக் கடைகளில் வாங்கி வீட்டில் செய்பவர்கள்.

கோகோவெண்ணெய்:

ஃபினான்சியேயிலிருந்தே ஆரம்பிக்கலாம். பிரெஞ்சில் பர் என்றால் வெண்ணெய், நுவாசெட் என்றால் ஹேசல்நட். ஆனாலும் பர் நுவாசெட்டில் கொட்டை ஒன்றுகூடக் கிடையாது. வெண்ணெயை ஹேசல்நட் நிறம் வரும்வரை காய்ச்சியது, அவ்வளவுதான். வாசனையும் கொஞ்சம் அந்தப் பக்கம் போகும். நம் வீட்டில் வெண்ணெய் உருக்கி நெய் காய்ச்சும்போது அடியில் கசண்டு சிவக்கும் பாருங்கள், அதே வேலைதான். நாம் வடிகட்டிவிடுகிறோம். அவர்கள் அந்தக் கசண்டோடு சேர்த்தே மாவில் ஊற்றுகிறார்கள், ருசி முழுக்க அதில்தான் இருக்கிறது. வடிகட்டிய நெய்யை ஊற்றினால் கேக் வரும், ஆனால் ஃபினான்சியே வராது.

அளவில் ஒரு சிக்கல் உண்டு. உப்பில்லா வெண்ணெயில் சுமார் 16% தண்ணீர். அது ஆவியாகிவிடுவதால் 250 கிராம் வெண்ணெய் காய்ந்து முடியும்போது ஏறக்குறைய 205 கிராம்தான் நிற்கும். குறிப்பில் "பர் நுவாசெட் 150 கிராம்" என்றால் காய்ச்சிய பிறகான எடை, எனவே 185 கிராமில் தொடங்குங்கள். "வெண்ணெய் 150 கிராம், நுவாசெட்டாக்கவும்" என்று இருந்தால் 150 போதும். உங்கள் தொகுப்பில் இந்த இரண்டையும் பிரித்து எழுதாவிட்டால் பாதிப் பேருக்குக் கேக் வறண்டுபோகும். உப்பு போட்ட மஞ்சள் வெண்ணெய் வேண்டாம். தண்ணீர் போன பிறகு உப்பு செறிந்துவிடும்.

அடி கனமான, உள்பக்கம் வெள்ளையாக இருக்கும் பாத்திரம் எடுங்கள். கறுப்பு நான்ஸ்டிக்கில் நிறம் தெரியாது. மிதமான தீ. முதலில் படபடவென்று வெடிக்கும், அது தண்ணீர். சத்தம் அடங்கி, நுரை இரண்டாவது முறை பொங்கி எழும்போது துகள்கள் நிறம் மாறத் தொடங்கியிருக்கும். அங்கிருந்து கருகுவதற்கு அரை நிமிடம்கூட ஆகாது. அடுப்பை அணைத்தால் மட்டும் போதாது, பாத்திரத்தின் சூடே கருக்கிவிடும். உடனே வேறு குளிர்ந்த பாத்திரத்தில் ஊற்றிவிட வேண்டும்.

பிரெஞ்சில் நுவாசெட் இன்னும் பல இடங்களில் கொட்டை இல்லாமலே வரும். பாரிஸ் காபிக்கடையில் "நுவாசெட்" என்று கேட்டால் துளி பால் விட்ட எஸ்பிரெஸோ வரும். அங்கே அது நிறத்தின் பெயர். "பொம் நுவாசெட்" என்றால் சின்ன உருண்டையாகக் குடைந்தெடுத்து வதக்கிய உருளைக்கிழங்கு, அங்கே அது அளவின் பெயர். "நுவாசெட் தாக்னோ" என்றால் எலும்பு நீக்கி வட்டமாக நறுக்கிய ஆட்டுக்கறித் துண்டு. துருக்கியிலும் இந்தப் பழக்கம் உண்டு. ஃபின்டிக் என்றால் ஹேசல்நட், ஆனால் "ஃபின்டிக் லாமஜுன்" என்றால் உள்ளங்கைக்குள் அடங்கும் குட்டி லாமஜுன் (மேலே கொத்துக்கறி தடவிச் சுட்ட மெல்லிய ரொட்டி). ஆக, குறிப்பில் சொல் தனியாக நிற்கிறதா, இன்னொரு சொல்லுக்கு அடைமொழியாக வருகிறதா என்று பாருங்கள். பிரெஞ்சில் "பொடி", "விழுது", "நறுக்கியது" போன்ற சொல் கூடவே வந்தால் கொட்டைதான்.

ஃபில்பர்ட் விஷயம் சுலபம். அமெரிக்கக் குறிப்பில் ஃபில்பர்ட் என்றால் நாம் வாங்கும் அதே ஹேசல்நட். அமெரிக்காவில் விளைவதில் ஏறக்குறைய எல்லாமே ஒரெகன் மாநிலத்தின் வில்லாமெட் பள்ளத்தாக்கிலிருந்து வருகிறது. அங்கே விவசாயிகள் ஃபில்பர்ட் என்றுதான் சொல்லிவந்தார்கள். 1981இல் அவர்களுடைய வாரியமே ஹேசல்நட் என்ற பெயரை முன்னிறுத்தத் தொடங்கியது. அதற்கு முந்தைய புத்தகங்களில் பழைய பெயர் அதிகம். ஆகஸ்ட் 20இல் வரும் புனித ஃபிலிபெர்ட் திருநாளை ஒட்டிக் காய் முற்றுவதால் அந்தப் பெயர் என்பார்கள்.

காப்நட்டில் மட்டும் கவனம் தேவை. கென்ட் பகுதியின் காப்நட்டைப் பச்சையாக, மேலுறையோடு, ஆகஸ்ட் கடைசியிலிருந்து விற்பார்கள். உள்ளே ஈரமான வெள்ளைப் பருப்பு. உப்புத் தொட்டுத் தின்பது, சாலட்டில் போடுவது அதற்கானது. அப்படிப்பட்ட குறிப்பில் நம் கடையில் கிடைக்கும் காய்ந்த பருப்பைப் போட்டால் ருசியும் கடிபதமும் வேறு. வேடிக்கை என்னவென்றால் தாவரவியல்படி இந்தக் கென்ட் காப்தான் ஃபில்பர்ட் இனம். மேலுறை காயை விட நீளமாக இருப்பது அதன் அடையாளம்.

கழற்சி:

பெயர் பற்றி ஒரு எச்சரிக்கை, ஏனென்றால் இதில் உடம்புக்கு ஆபத்து இருக்கிறது.

கருங்கடல் கரை பழங்காலத்தில் பொன்டஸ். அங்கிருந்து வந்ததால் கிரேக்கர்கள் "பொன்டிக் கொட்டை" என்றார்கள். அது பாரசீகத்தில் ஃபந்துக், அரபியில் புந்துக், துருக்கியில் ஃபின்டிக், ரஷ்யனில் ஃபுந்துக் ஆகியது. வளைகுடாவில் வாங்குபவர்கள் பாக்கெட்டில் பார்ப்பது இந்தப் புந்துக்தான், அதில் குழப்பமில்லை. (கொட்டையிலிருந்து களிமண் உருண்டைக்கும், உருண்டையிலிருந்து குண்டுக்கும் போய், இந்திக்காரர்களின் பந்தூக் வரை இதே சொல்தான். நம் துப்பாக்கி துருக்கியிலிருந்து வேறு வழியாக வந்தது.)

சிக்கல் இந்தியாவுக்குள். "இந்தியப் புந்துக்" என்ற பெயர் யுனானி வழக்கில் வேறு காய்களின் மேல் ஏறிக்கொண்டது. பூந்திக்கொட்டைக்கு அந்தப் பெயர் உண்டு. சோப்புக்குப் பதில் பட்டுப்புடவை அலசுவோமே, அதேதான். கழற்சிக்காய்க்கும் இந்தச் சொல் ஒட்டியது. அதன் அறிவியல் பெயரில் இன்றும் "பொன்டக்" என்று நிற்பது அரபிப் புந்துக்தான். சாம்பல் நிறத்தில், கல் போன்ற ஓட்டோடு, கழங்காட உருட்டும் அந்தக் காய் நாட்டு மருந்துக் கடையில் கிடைக்கும். உள்ளே பருப்பு கடும் கசப்பு. மருந்தாக அளவோடு தருவது வேறு, கேக்கில் 60 கிராம் போடுவது வேறு. பூந்திக்கொட்டையில் சபோனின் இருப்பதால் வாந்தி, வயிற்றுப்போக்குதான் மிஞ்சும்.

அதனால் உங்கள் தொகுப்பில் "புந்துக்" என்றோ, "பழுப்புக்கொட்டை" போல ஒரு புதுப் பெயரோ எழுதாதீர்கள். எந்தக் கடைக்காரருக்கும் விளங்காது. விளங்கியதாக நினைத்து எடுத்துக் கொடுத்தால் இன்னும் மோசம். டிரை ஃப்ரூட்ஸ் கடைகளில் ஹேசல்நட் என்றே சொல்லி விற்கிறார்கள், அப்படியே எழுதுங்கள். வாங்கும் இடமும் அந்தக் கடையாகவே இருக்கட்டும், நாட்டு மருந்துக் கடை வேண்டாம்.

இந்தியாவில் ஹேசல்நட்டே இல்லை என்றும் நினைக்க வேண்டாம். இமாச்சலின் பாங்கி பள்ளத்தாக்கில் காட்டு மரமாக ஒரு ஹேசல் இனம் இருக்கிறது, அங்கே அதன் பெயர் தாங்கி. தெற்கே வரும் சரக்கு இறக்குமதிதான்.

மாவும்வெண்ணெயும்:

கழற்சி ஐயா, நன்றி. கழற்சிக்காய் விவரத்தைக் குறிப்புப் பெட்டியாகவே போடப் போகிறேன். ஜந்தூயா, பிரலினே, நூகட் பற்றி யாராவது?

பாகுப்பதம்:

மூன்றையும் மாற்றிப் போடாதீங்க. கொழுப்பு, சர்க்கரை, கோகோ மூணும் வேற வேற விகிதம்.

ஜந்தூயான்னா சாக்லேட். வறுத்த ஹேசல்நட்டை நைசா அரைச்சு சாக்லேட்டோட சேர்த்தது. இத்தாலியில தூரின்தான் அதுக்கு ஊர். அந்த ஊர்க் கார்னிவல்ல வர்ற முகமூடிப் பாத்திரத்தோட பேரு ஜந்தூயா, 1860கள்ல அதை மிட்டாய்க்கு வச்சுட்டாங்க. ஐரோப்பிய ஒன்றியத்தோட 2000ஆம் ஆண்டுச் சாக்லேட் விதிப்படி ஜந்தூயான்னு பேர் போடணும்னா 100 கிராம்ல 20லேருந்து 40 கிராம் வரைக்கும் ஹேசல்நட் இருக்கணும். பால் ஜந்தூயாவுக்குக் கீழ்வரம்பு 15. கடையில கிடைக்கிற ஸ்ப்ரெட் இது இல்லை. நுட்டெல்லா டப்பாவைப் பாருங்க, ஹேசல்நட் 13%தான், முதல்ல வர்றது சர்க்கரையும் பாமாயிலும். ஜந்தூயா கேட்கிற இடத்துல ஸ்ப்ரெட்டைப் போட்டா அச்சுல இறுகாது, ஃப்ரிட்ஜ்லேருந்து எடுத்த பத்தாவது நிமிஷம் வழியும். அது அந்த ஸ்ப்ரெட்டோட குத்தமில்லை, ரொட்டியில தடவுறதுக்குன்னே பண்ணது.

பிரலினேல சாக்லேட்டே கிடையாது. கேரமல் பண்ண கொட்டையை அரைச்ச விழுது. கடைசில "னே"ன்னு முடியுதா "லின்"னு முடியுதான்னு பார்க்கணும். பெல்ஜியத்துல பிரலின்னா உள்ளே பூரணம் வச்ச சாக்லேட், 1912ல நாய்ஹௌஸ் கடை கொண்டுவந்தது. அமெரிக்கத் தெற்குல பிரலின்னா பீக்கான் கொட்டையும் க்ரீமும் சேர்த்த பர்ஃபி மாதிரி வில்லை. மூணுக்கும் ஒரே எழுத்துக்கூட்டல்ல எழுதிட்டா உங்க வாசகர் தலையைப் பிச்சுப்பாங்க.

நூகட்ல நாடு பார்க்கணும். பிரெஞ்சு நூகட் தேனும் முட்டை வெள்ளையும் போட்ட வெள்ளை மிட்டாய். ஜெர்மன்காரங்க நூகட்னா பழுப்பா, மெத்துனு, ஜந்தூயாவுக்கு ஒண்ணுவிட்ட தம்பி. ஜெர்மன் கிறிஸ்துமஸ் பிஸ்கட் குறிப்புல "நூகட்டை உருக்கவும்"னு வந்தா வெள்ளை நூகட்டை உருக்கிட்டு உக்காரக் கூடாது. அது உருகவும் உருகாது.

இப்ப வீட்டு வேலை. வாங்கும்போது ஒண்ணைக் கடிச்சுப் பாருங்க. சிக்கு வாடை அடிச்சா மொத்த பாக்கெட்டும் அப்படித்தான். கொட்டையில 60% எண்ணெய், நம்ம ஊர் வெயில்ல கடை ஷெல்ஃபுல கிடந்தா சீக்கிரம் போயிடும். நடுவுல சின்னக் குழி இருக்கும், அது இயல்பு. அந்தக் குழி கறுத்தோ சாம்பல் பூத்தோ இருந்தா தூக்கிப் போடுங்க. துருக்கிச் சரக்கு மில்லிமீட்டர் கணக்குல பிரிச்சு வரும், 11–13, 13–15ன்னு. அரைக்கிறதுக்குச் சின்னதே போதும், பெரிசு அலங்காரத்துக்கு. பாக்கெட்டுல "கிரேசுன்"னு போட்டிருந்தா துருக்கியில அந்தப் பேருள்ள மாகாணத்துச் சரக்கு, லெவன்ட்னு போட்டிருந்தா துருக்கியோட மத்தப் பகுதிச் சரக்கு. காத்துப் புகாத டப்பாவுல ஃப்ரீசர்ல வச்சா ஒரு வருஷம் நிக்கும். ஆனா எடுத்ததும் திறக்காதீங்க, அறைச் சூட்டுக்கு வந்த பிறகு திறங்க. இல்லேன்னா ஈரம் வேர்த்துடும்.

வறுக்கிறது: அவன் 150 டிகிரி, ஒரே அடுக்கா பரப்பி 15லேருந்து 18 நிமிஷம், நடுவுல ஒரு தடவை தட்டை ஆட்டி விடுங்க. தோல் ஏற்கெனவே பழுப்பு, அதனால வெளியே பார்த்துக் கணிக்க முடியாது. ஒண்ணை எடுத்து ரெண்டா வெட்டிப் பாருங்க. உள்ளே வெளிர்ப் பொன்னிறம் வந்திருந்தா சரி. அதுக்கு மேல போனா விழுது கசக்கும். எடுத்த பிறகும் சூடு உள்ளே ஓடிக்கிட்டே இருக்கும், அதனால ஒரு நிமிஷம் முன்னாடியே எடுங்க. அவன் இல்லைன்னா கனமான இரும்புச் சட்டியில கல்லுப்பு பரப்பிக் கடலை வறுக்கிற மாதிரி வறுக்கலாம். வெறும் சட்டியில வறுத்தா தொடுற பக்கம் கருகி மறுபக்கம் பச்சையா நிக்கும்.

தோலுக்கு: சூடா இருக்கும்போதே காட்டன் துண்டுல மூட்டை கட்டி ரெண்டு நிமிஷம் விட்டு, அப்புறம் உருட்டித் தேயுங்க. அல்லது கம்பிச் சல்லடையில போட்டுத் தேயுங்க, தோல் தானா கீழே விழும். இத்தாலியோட பியமோன்ட் வகைக்கும் துருக்கியோட தோம்புல் வகைக்கும் தோல் லேசா வரும். அமெரிக்காவோட பழைய பார்சிலோனா வகை பிடிவாதம். பத்துல ஒண்ணுல கொஞ்சம் ஒட்டிக்கிட்டா பரவாயில்லை. முழுசா விட்டீங்கன்னா டானின் கசப்பு தூக்கும், விழுது நிறமும் அழுக்காயிடும்.

பளிச்னு வெள்ளையா வேணும்னா சோடா வழி. அரை லிட்டர் தண்ணி, கொதிச்சதும் 3 டேபிள்ஸ்பூன் சமையல் சோடா, 150 கிராம் பச்சைக் கொட்டை. மூணு நாலு நிமிஷம். பாத்திரம் ரெண்டு மடங்கு பெரிசா இருக்கணும், நுரை பொங்கி அடுப்பு மேல வழியும். தண்ணி கறுப்பா மாறும், பயப்படாதீங்க. அலுமினியப் பாத்திரம் கூடவே கூடாது, சோடா அரிச்சுக் கறுக்க வச்சிடும். ஒண்ணை எடுத்துப் பச்சத் தண்ணியில போட்டு விரலால நசுக்குங்க, தோல் வழுக்கிக்கிட்டு வந்தா எல்லாத்தையும் வடிச்சு ரெண்டு தடவை அலசுங்க. இப்படிப் பண்ண கொட்டை தண்ணி குடிச்சிருக்கும், அதனால வறுக்க 20லேருந்து 25 நிமிஷம் ஆகும். வாசனையும் ஒரு படி குறையும். கேக் மேல முழுசா வைக்க இது, விழுதுக்குத் துண்டு வழிதான்.

பிரலினே: வறுத்துத் தோல் எடுத்த கொட்டை 250 கிராம், சர்க்கரை 170 கிராம், தண்ணி 50 மில்லி. பாகை 118 டிகிரிக்குக் கொண்டு போங்க. தெர்மாமீட்டர் இல்லைன்னா தண்ணியில விட்டா உருட்டுற பதத்துக்குக் கொஞ்சம் கெட்டி. சூடான கொட்டையைக் கொட்டி விடாம கிளறுங்க. சர்க்கரை வெள்ளையா, மணல் மாதிரி பூத்துடும். நிறைய பேர் இங்கே கெட்டுப்போச்சுன்னு நிறுத்திடுவாங்க, அதுதான் சரியான பதம். மிதமான தீயில கிளறிக்கிட்டே இருந்தா அந்த மணல் மறுபடி உருகித் தேன் நிறமா ஒட்டும். எட்டுப் பத்து நிமிஷம் ஆகும். குளிர்ந்த கொட்டையைப் போட்டா பாகு ஒரே கட்டியா உறைஞ்சு சில இடம் மட்டும் கருகும், அதனாலதான் சூடா இருக்கணும்னு சொல்றேன். எண்ணெய் தடவின தட்டுல பரப்பி ஆற விடுங்க. ஆறினதும் தாமதிக்காம அரைச்சுடணும். சென்னை ஈரக்காத்துல ஒரு ராத்திரி திறந்து கிடந்தா பிசுபிசுத்துடும், மிக்ஸி பிளேடைச் சுத்திக்கும்.

கிரைண்டர்கல்:

அரைப்பது பற்றி நான் சேர்க்கிறேன், பாகுப்பதம் நிறுத்திய இடத்திலிருந்து.

ஜார் எலும்பு போல் காய்ந்திருக்க வேண்டும். மூடியின் ரப்பருக்குள் நிற்கும் ஒரு சொட்டுத் தண்ணீர் போதும், விழுது பிடித்துக் கட்டியாகிவிடும். சர்க்கரை அந்தத் தண்ணீரை இழுத்துக்கொண்டு ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதுதான் காரணம். அப்படி ஆகிவிட்டால் எண்ணெய் ஊற்றிப் பிரயோஜனமில்லை. சூடான பாலோ க்ரீமோ சேர்த்து கனாஷாக (க்ரீம் கலந்த மெத்தென்ற பூரணம்) மாற்றிவிடலாம், வீணாகாது.

சட்னி ஜாரில் பாதிக்கு மேல் போடாதீர்கள். பல்ஸில் 15 விநாடி, நிறுத்தி வழித்துவிட்டு மறுபடி. ரவை, ஈரமணல், உருண்டை, வழியும் விழுது என்ற வரிசையில் மாறும். உருண்டைக் கட்டத்தில் பொறுமை போய்த் தண்ணீரோ பாலோ விடுபவர்கள்தான் அதிகம். ஐந்து நிமிடம் ஓய்வு கொடுத்துத் தொடர்ந்தால் எண்ணெய் தானாக விடும். ஜாரைத் தொட்டால் கை பொறுக்காத சூடு என்றால் நிறுத்திவிடுங்கள். விழுது வெந்து வாசனை போகும், மோட்டாரும் நாறும்.

மிக்ஸியில் எவ்வளவு அரைத்தாலும் நாக்கில் நறநறப்பு கொஞ்சம் நிற்கும். துகள் 25, 30 மைக்ரானுக்குக் கீழே போனால்தான் நாக்குக்குத் தெரியாது. மிக்ஸி அங்கே போகாது, கல்தான் போகும். உலகம் முழுக்கச் சிறிய சாக்லேட் தயாரிப்பாளர்கள் வைத்திருக்கும் மெலாஞ்சர், நம் கோவை டேபிள்டாப் வெட் கிரைண்டரின் மறுவடிவம்தான்: சுழலும் டிரம், மேலே கிரானைட் உருளைக் கல். அதற்காக வீட்டு மாவு கிரைண்டரிலேயே எட்டு மணி நேரம் ஓட்டலாம் என்று எழுதிவிடாதீர்கள். அந்த மோட்டார் மாவுக்கு ஓடும் அரை மணி, முக்கால் மணிக்கானது. கல்லில் ஊறிய உளுந்து வாடையும் ஈரமும் விழுதில் இறங்கும். வீட்டுத் தொகுப்புக்கு மிக்ஸி போதும், "கொஞ்சம் நறநறப்பு இருக்கும்" என்று நேர்மையாக எழுதிவிடுங்கள்.

நுவாசெட் பொடிக்கு இதற்கு நேர் எதிர், எண்ணெய் விடவே கூடாது. கொட்டையை ஃப்ரிட்ஜில் நன்றாகக் குளிரவைத்து, குறிப்பில் உள்ள சர்க்கரையிலிருந்தே இரண்டு ஸ்பூன் சேர்த்து, சின்னச் சின்ன பல்ஸாக அரைத்துச் சலியுங்கள். சூடாக அரைத்தால் பொடி கிடைக்காது, வெண்ணெய்தான் கிடைக்கும்.

மாவும்வெண்ணெயும்:

அருமை. இன்னும் இரண்டு சின்னச் சந்தேகம். காபிக்கடை ஹேசல்நட் சிரப்பை விழுதுக்குப் பதிலாகச் சாக்லேட்டில் சேர்க்கச் சொல்லி இணையத்தில் நிறைய வருகிறது, சரிதானா? தொகுப்பின் முன்னுரையில் ஒரு மேற்கோளில் ஒருவரின் கண் நிறமாக "ஹேசல் ஐஸ்" (hazel eyes) வருகிறது, அதை எப்படி எழுதுவது?

லேபிள்படிப்பவர்:

சிரப் வேண்டாம். அது சர்க்கரைத் தண்ணீரும் வாசனைப் பொருளும். பெரும்பாலானவற்றில் கொட்டையே இருக்காது. உருக்கிய சாக்லேட்டில் ஊற்றினால் கிரைண்டர்கல் சொன்ன அதே காரணத்தால் இறுகிவிடும். காபி, பால், மில்க்‌ஷேக் என்று ஏற்கெனவே தண்ணீர் நிறைய உள்ளதற்கு மட்டும் அது பொருந்தும். வறுத்த ஹேசல்நட்டின் அந்த வாசனையைத் தருவதில் ஃபில்பர்டோன் என்ற ஒரே பொருளுக்குப் பெரும் பங்கு உண்டு. வறுக்கும்போது அது கூடுகிறது. ஆலிவ் எண்ணெயில் மலிவான ஹேசல்நட் எண்ணெய் கலந்திருக்கிறார்களா என்று கண்டுபிடிக்கவும் ஆய்வகங்கள் இதைத்தான் தேடுகின்றன.

உங்கள் தொகுப்புக்கு முக்கியமானது ஒவ்வாமை. பெயரில் ஹேசல்நட் இருந்து பொருளில் இல்லாததும் உண்டு (பர் நுவாசெட், சிரப்), பெயரில் இல்லாமல் பொருளில் இருப்பதும் உண்டு (ஜெர்மன் நூகட், ஜந்தூயா, பெல்ஜிய பிரலினின் பூரணம்). இரண்டாவது வகைக்கு ஒவ்வொரு குறிப்பின் தலைப்பிலேயே "ஹேசல்நட் உண்டு" என்று போடுங்கள். வாங்கும் பாக்கெட்டில் முன்பக்கப் படத்தை நம்ப வேண்டாம். நம் உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 2020 விதிப்படி மரக்கொட்டை இருந்தால் ஒவ்வாமை அறிவிப்பில் சொல்லியாக வேண்டும், பின்பக்கத்தில் அந்த வரியைத் தேடச் சொல்லுங்கள். வறுத்தால் ஒவ்வாமை போய்விடும் என்ற பேச்சையும் எழுதாதீர்கள். பிர்ச் மரத்தின் மகரந்தத்தால் ஒவ்வாமை உள்ள ஐரோப்பியர்களுக்கு வாய் அரிப்பு உண்டாக்கும் புரதம் வறுத்தால் குறையும். கடுமையான விளைவைத் தரும் சேமிப்புப் புரதங்கள் வறுத்தாலும் அப்படியே இருக்கும்.

கண்ணுக்கு "பழுப்பும் பச்சையும் கலந்த கண்" என்று எழுதுங்கள். வெறும் பழுப்பு என்றால் தவறு. அமெரிக்க ஓட்டுநர் உரிமத்தில்கூடப் பழுப்புக்கு ஒரு குறியீடு, ஹேசலுக்குத் தனிக் குறியீடு. தோலுக்குப் போடும் விட்ச் ஹேசல் டோனர் எங்காவது வந்தால் அது வேறு குடும்பச் செடி, இந்தக் கொட்டைக்கும் அதற்கும் உறவில்லை. அழகு சாதனப் பாட்டிலில் "சிலி ஹேசல்நட் எண்ணெய்" என்று வந்தால் அதுவும் வேறு, மக்கடேமியா குடும்பம்.

கோகோவெண்ணெய்:

அமெரிக்கக் குறிப்புகளில் கப் கணக்கு வருமே, அதையும் கிராமுக்கு மாற்றிவிடுங்கள். ஒரு கப் முழுக் கொட்டை 135 கிராம், நறுக்கியது 115, பொடித்தது 75. "ஒரு கப் ஹேசல்நட், பொடித்தது" என்றால் முதலில் அளந்து பிறகு பொடிப்பது, 135. "ஒரு கப் பொடித்த ஹேசல்நட்" என்றால் 75. ஓட்டோடு வாங்குபவர்கள் ஏறக்குறைய இரண்டு மடங்கு எடை வாங்க வேண்டும், பாதி ஓட்டுக்கே போய்விடும்.

பாகுப்பதம்:

ஹேசல்நட் விலை கட்டுப்படியாகலைன்னு கேட்பாங்க, அதையும் எழுதிடுங்க. பிரலினேக்குப் பாதி பாதாம் பாதி ஹேசல்நட் போடுறது பிரான்ஸ்லயே வழக்கம், வாசனை நிக்கும். முந்திரி போட்டா எண்ணெய் குறைச்சல், மாவுச்சத்து ஜாஸ்தி. அதே அளவுல விழுது கெட்டியா வரும். 250 கிராமுக்கு 20 மில்லி வாசனையில்லாத எண்ணெய் சேர்க்கணும். வேர்க்கடலை நல்லாவே அரைபடும், ஆனா அதோட வாசனை எல்லாத்தையும் அமுக்கிடும். அப்ப தலைப்புல வேர்க்கடலைப் பிரலினேன்னே போட்டுடுங்க.